மேயர் உயர்த்தாத கோல்

ஹட்சன் ஆற்றங்கரையில் டச்சுக்காரர்கள் அமைத்த கிளாவர்கில் ஊரில் தீப்பிடித்தால் மேயர் ஓடிவர வேண்டும். அது சட்டம். சாப்பாட்டில் கை வைத்திருந்தாலும் சரி, சவரத்தில் பாதி முகம் மிச்சமிருந்தாலும் சரி, வெள்ளைக் கோலை எடுத்துக்கொண்டு வந்து நின்றாக வேண்டும். கோலின் தலையில் பொன் முலாம் பூசிய ஒரு தீக்கொழுந்து இருக்கும். அதைப் பார்த்தால்தான் வாளி பிடித்து நிற்கிறவர்களுக்கு யார் பேச்சைக் கேட்பதென்று தெரியும். அது இல்லாவிட்டால் எங்கள் டச்சுக்காரர்கள் வீடு எரிந்து முடியும்வரை ஆளுக்கொரு யோசனை சொல்லிக்கொண்டு நிற்பார்கள்.

கேரட் ஹோக்லாண்ட் மேயரான மூன்றாம் வருஷம், மார்ச் மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை. போதகர் ஒருவழியாகப் பிரசங்கத்தை முடித்து, ஊரே வீடு திரும்பிப் பட்டாணி சூப்பில் கரண்டியை விட்ட நேரம், ஆற்றங்கரைத் தெருவின் தெற்குக் கோடியில் இருந்த பீப்பாய்க் கொட்டகை பற்றிக்கொண்டது. மரச் சீவலும் தாரும் கிடக்கிற இடம், கேட்கவா வேண்டும்? கேரட் வாயைத் துடைத்தும் துடைக்காமலும் கோலோடு ஓடினார். அதிக தூரம் ஓட வேண்டியிருக்கவில்லை. எரிகிற தெருவில்தான் அவருடைய வீடும் இருந்தது.

பீப்பாய்க் கொட்டகைக்கு அடுத்தது கயிற்றுக் கிடங்கு. அதற்கு அடுத்தது மிங்கோ டெவிட்டின் மரவீடு. அதற்கும் அடுத்தது மேயரின் புது வீடு. ஊர் அதைச் செங்கல் வீடு என்று பெருமையாகச் சொல்லும். சுவர்தான் செங்கல், கூரை முழுக்க பைன் பலகை. ஒரு பொறி விழுந்தால் போதும்.

மிங்கோவைப் பற்றிச் சொல்ல வேண்டும். டெவிட் குடும்பத்துக்கு அடிமையாகப் பிறந்து, முப்பது வயதுக்கு மேல் தன்னைத் தானே விலைக்கு வாங்கிக்கொண்ட மனிதர். ஹட்சன் ஆற்றில் ஆளுயர ஸ்டர்ஜன் மீன் பிடித்து, துண்டு போட்டு, வீடு வீடாக விற்பார். அந்த மரவீட்டை அவர் வாங்கியபோது பத்திரம் எழுதிக் கொடுத்தவர், தொழிலால் வக்கீலான கேரட்தான். சொந்த வீடு இருந்தால் எங்கள் மாநிலத்தில் கறுப்பு மனிதரும் ஓட்டுப் போடலாம். போன ஏப்ரலில் மிங்கோ கஞ்சி போட்ட சட்டையோடு வந்து வரிசையில் நின்றார். பின்னால் நின்றவர்கள் சிலர் முணுமுணுத்தார்கள். கேரட் தெருவைக் கடந்து போய் எல்லோர் கண்ணிலும் படும்படி மிங்கோவுக்குக் கை கொடுத்தார். அதை நினைத்து அவர் ஒரு வருஷம் முழுக்கத் தன் முதுகைத் தானே தட்டிக்கொண்டிருந்தார் என்பதும் உண்மை.

அந்த ஞாயிற்றுக்கிழமை தெற்கிலிருந்து காற்று பிய்த்துக்கொண்டு வீசியது. ஆற்றிலிருந்து தெரு வரைக்கும் இரண்டு வரிசை. ஒரு வரிசையில் நிறைந்த தோல்வாளிகள் கைமாறி மேலே வந்தன, இன்னொன்றில் பெண்களும் பிள்ளைகளும் காலி வாளிகளைக் கீழே அனுப்பினார்கள். கொட்டகை உட்கார்ந்தது. கயிற்றுக் கிடங்கு பிடித்துக்கொண்டது.

"கேரட், இனிமே தண்ணி ஊத்திப் புண்ணியம் இல்லப்பா!" என்று கத்தினார் யோகேம் டெக்கர். பீர் காய்ச்சுகிறவர், நகர்மன்ற உறுப்பினர், கேரட்டுக்குச் சிறு வயதுச் சிநேகிதர். "மீன்காரன் வீட்டை இழுத்துடணும். இல்லன்னா அடுத்து உன் வீடு, அப்புறம் என் பட்டறை, அப்புறம் சர்ச்சு, எல்லாம் வரிசையாப் போயிடும்."

நடுவில் ஒரு வீட்டை இழுத்துத் தள்ளி வெற்றிடம் உண்டாக்கினால் தீ தாண்டாது. அதற்கு மேயரும் இரண்டு உறுப்பினர்களும் ஒப்புக்கொள்ள வேண்டும். டெக்கர் ஒருவர். இன்னொருவர் காது கேட்காத ஒரு கிழவர். அவர் யார் எது சொன்னாலும் தலையாட்டுவார், அன்றும் ஆட்டினார். மிங்கோ அதற்குள் மனைவி லிஸ்பெத்தோடு படுக்கையும் பாத்திரமுமாக வெளியே இழுத்துப் போட்டுக்கொண்டிருந்தார்.

கேரட் கோலை மிங்கோ வீட்டை நோக்கித் தாழ்த்தினார். "இழுங்க!" என்றார். அந்த நேரத்தில் அது சரியான உத்தரவு. அதை யாரும் குறை சொல்ல முடியாது, இன்றுவரை சொன்னதும் இல்லை.

ஆனால் உத்தரவு கொடுத்தவுடன் வீடு விழுந்துவிடாது. நகர மண்டபத்துச் சுவரிலிருந்து கொக்கிகளைக் கழற்றிக்கொண்டு வர வேண்டும். நீளக் கழியின் முனையில் இருக்கிற கொக்கியைக் கூரையின் முதுகு மரத்தில் மாட்ட வேண்டும். சங்கிலியைப் பூட்டி இருபது முப்பது பேர் வரிசையாக நின்று பிடிக்க வேண்டும். இதற்கெல்லாம் நேரம் பிடித்தது. எல்லோர் கண்ணும் முதுகு மரத்தில் இருந்தது. கேரட் மட்டும் தலையைத் தூக்கித் தன் கூரையைப் பார்த்தார். அதற்கு மேலே, தேவாலயக் கோபுரத்தின் உச்சியில், காற்று வருகிற திசையைக் காட்டும் இரும்புச் சேவல் மெல்லத் திரும்பியது. நின்றது. மறுபடி திரும்பி வடமேற்கைப் பார்த்து உறுதியாக நின்றுவிட்டது.

புகை வளைந்து ஆற்றின் பக்கம் போனது. கேரட்டின் கழுத்தில் குளிர்காற்று பட்டது. தீ இனி மிங்கோ வீட்டுக்கு வராது. வர வழியே இல்லை.

கோலை உயர்த்தினால் போதும், சங்கிலி நின்றுவிடும். ஒரு கை அசைவு. கேரட் உயர்த்தவில்லை. காற்று மறுபடி திரும்பிவிட்டால் என்ன செய்வது என்று முதலில் நினைத்தார். மாடியில் இருக்கிற புத்தகங்களை நினைத்தார். ஊர் முன்னால் போட்ட உத்தரவை ஊர் முன்னாலேயே திரும்ப எடுத்துக்கொள்வதா என்றும் நினைத்தார். ஒரு மனிதன் எத்தனை வேகமாக எத்தனை காரணம் கண்டுபிடிக்க முடியும் என்பதற்கு அளவே இல்லை, அதிலும் வக்கீலாக இருந்துவிட்டால். "ஏலேலோ!" என்று டெக்கர் இழுக்கக் குரல் கொடுத்தார். சங்கிலி விறைத்தது. மரம் முறிகிற சத்தம் கேட்டது. மிங்கோவின் வீடு முன்பக்கமாகத் தெருவில் சாய்ந்து விழுந்தது.

கயிற்றுக் கிடங்கு தன் பாட்டுக்கு எரிந்து அணைந்தது. மிங்கோ வீட்டுப் பலகை ஒன்றில்கூடக் கரி படியவில்லை. "பாத்தீங்களா, சரியான நேரத்துல இழுத்தோம்!" என்று ஊர் ஒருவருக்கொருவர் முதுகில் தட்டிக்கொண்டது.

மிங்கோ குடும்பத்தைக் கேரட் தன் கொல்லையில் இருந்த வண்டிக்கொட்டகையில் தங்க வைத்தார். அடுப்பு போட்டுக் கொடுத்தார், கம்பளி கொடுத்தார். அவர் மனதுக்கு அது ஒரு தைலம் மாதிரி இருந்தது. ஆனால் லிஸ்பெத் தினமும் எதையாவது பொரித்துக்கொண்டு வந்து சமையலறை வாசலில் நின்று நன்றி சொல்ல ஆரம்பித்தாள், தைலம் எரிய ஆரம்பித்தது. அவள் வருகிற சத்தம் கேட்டால் கேரட் மாடிக்குப் போய்விடுவார்.

ஊர்ப் பெரியவர்கள் விடுதியில் அவருக்கு விருந்து வைத்தார்கள். வான்கோழி, மது, ஒன்றன்பின் ஒன்றாக வாழ்த்து. டெக்கர் கோப்பையோடு எழுந்து, "ஒரு வீட்டை இழுத்து நூறு வீட்டைக் காப்பாத்தின நம்ம கேரட்டுக்கு! கண்ணு இமைக்கல, கை நடுங்கல!" என்றார். எல்லோரும் மேஜையைத் தட்டினார்கள். கேரட் எழுந்து தலைகுனிந்து நன்றி சொன்னார். அவருடைய அடக்கத்தையும் சேர்த்துப் பாராட்டினார்கள்.

அவர் வீடு திரும்பியபோது மனைவி மரிட்யே கணப்படுப்பின் முன்னால் காலுறை பின்னிக்கொண்டிருந்தாள்.

"நல்லாப் புகழ்ந்தாங்களா?"

"ஏதோ பேசினாங்க."

"கண்ணு இமைக்கலன்னு சொல்லியிருப்பாங்களே?"

கேரட் திடுக்கிட்டார். "உனக்கு யார் சொன்னா?"

"யார் சொல்லணும்? யோகேமுக்குத் தெரிஞ்சதே அந்த ஒரு வாழ்த்துதானே. அவன் குதிரைக்கும் அதையேதான் சொல்வான்." மரிட்யே ஊசியை நிறுத்தவில்லை. "அன்னைக்கு நான் மாடி ஜன்னல்ல நின்னுட்டிருந்தேன். உங்க புஸ்தகத்தையெல்லாம் பெட்டியில போட்டுட்டிருந்தேன். சேவல் திரும்பிச்சு. நீங்க பாத்தீங்க."

"புகை, மரிட்யே. எனக்குச் சரியா..."

"பாத்தீங்க. மேல பாத்தீங்க, அப்புறம் நம்ம கூரையைப் பாத்தீங்க, அப்புறம் தரையைப் பாத்தீங்க. இருபது வருஷமா உங்களைப் பாக்குறேன். நீங்க தரையைப் பாத்தா அது என்னன்னு எனக்குத் தெரியாதா?"

கேரட்டின் முகம் காதுவரை சிவந்தது. "அப்போ என்ன செய்யச் சொல்றே?"

"என்னைக் கேட்டா? சட்டம் படிச்சது நீங்களா நானா?" என்றாள். பின்னலைச் சுருட்டி வைத்துவிட்டு, சற்று மெதுவாக, "நான் கத்தியிருக்கலாம். ஜன்னல் திறந்துதான் இருந்துச்சு. எனக்கும் நம்ம கூரைதான் பெரிசா இருந்துச்சு," என்றாள். அன்றிலிருந்து அவளும் லிஸ்பெத்தின் கண்ணைப் பார்த்துப் பேசுவதை விட்டுவிட்டாள்.

ஏப்ரல் பிறந்ததும் மிங்கோ, கஞ்சி போட்ட அதே சட்டையோடு, கேரட்டின் வக்கீல் அறைக்கு வந்தார்.

"ஐயா, இழுத்துப் போட்ட வீட்டுக்கு ஊர் ஈடு குடுக்கணும்னு சட்டம் இருக்காமே?"

"இருக்கு மிங்கோ. ஆனா எப்படியும் எரிஞ்சிருக்கப்போற வீடா இருந்தா ஒண்ணும் கிடையாது. அதை ஜூரிதான் முடிவு பண்ணணும்."

"வெறும் மனையை வச்சுக்கிட்டு ஓட்டுப் போட முடியாதாம், மதிப்புப் பத்தாதாம். எனக்கு வீடு வேணுங்கய்யா. லிஸ்பெத் வெளிய சொல்ல மாட்டா, ஆனா அடுத்தவங்க கொல்லையில படுக்குறது எங்களுக்குப் புதுசு இல்ல பாருங்க. திரும்ப அங்கேயே வந்துட்டமேன்னு இருக்கு அவளுக்கு." மிங்கோ தயங்கிவிட்டுச் சொன்னார்: "நீங்களே எனக்காக வாதாடணும். ஊர்ல உங்களை விட்டா யாரு?"

கேரட் மேஜைமேல் இருந்த காகிதங்களை அடுக்கினார். "உத்தரவு போட்டவன் நான். நான் சாட்சிக்காரன், மிங்கோ. வாதாட முடியாது. வக்கீல் விஸ்ஸர்கிட்ட போ, நல்ல பையன்."

"சாட்சியா? அப்போ இன்னும் நல்லதாப் போச்சு!" என்று மிங்கோ முகம் மலர்ந்தார். "நீங்க சாட்சின்னா எனக்கு வேற என்ன வேணும்?"

எங்கள் ஊரில் மேயர்தான் நகர நீதிமன்றத்துக்கும் தலைமை நீதிபதி. வழக்கு ஏறிய அன்று கேரட் மேடையிலிருந்து இறங்கினார், துணை நீதிபதி கோனைன் விசாரித்தார். நடுவில் மேயரின் நாற்காலி காலியாக இருந்தது. கேரட் அதன் கீழே, சாட்சிக் கூண்டில், பைபிள்மேல் கை வைத்து நின்றார். மண்டபத்தில் எள் விழ இடமில்லை. ஜூரி இருக்கைகளில் பன்னிரண்டு பேர். அவர்களில் பாதிப் பேர் அன்றைக்குச் சங்கிலி பிடித்தவர்கள், மீதிப் பேர் வாளி பிடித்தவர்கள்.

மிங்கோவின் வக்கீல் விஸ்ஸர், கேரட்டிடமே தொழில் பழகியவன். குரு கூண்டில் நிற்பதைப் பார்த்ததுமே அவனுக்கு வியர்த்துவிட்டது.

"மேயரய்யா, நீங்க உத்தரவு குடுத்தப்ப காத்து எந்தப் பக்கத்துலேர்ந்து அடிச்சுதுன்னு சொல்ல முடியுங்களா?"

கேரட் அந்தக் கேள்வியை நன்றாகக் கேட்டார். உத்தரவு குடுத்தப்ப. கொக்கி மாட்டினபோது இல்லை, சங்கிலி இழுத்தபோது இல்லை. வீட்டுக்குள் நுழைய வேண்டியவன் வாசலோடு திரும்பிப் போகிறான் என்று அவருக்குத் தெரிந்தது.

"உத்தரவு கொடுத்த நேரத்தில் காற்று தெற்கிலிருந்து வீசியது. பலமாக வீசியது. நேராக மிங்கோ டெவிட்டின் வீட்டை நோக்கி," என்று நீதிமன்ற மொழியில் சொன்னார். அதில் ஒரு எழுத்துகூடப் பொய் இல்லை.

விஸ்ஸர் அடுத்த கேள்வி கேட்கவில்லை. தலை வணங்கிவிட்டு உட்கார்ந்தான். கேரட் கூண்டிலிருந்து இறங்கினார். இருபது வருஷமாக எதிர்த்தரப்புச் சாட்சிகள் இப்படி நழுவும்போது அவர்களை மடக்கிப் பிடித்துப் பெயர் வாங்கியவர் அவர். அந்த ஆட்களை அவர் எந்தக் கண்ணோடு பார்த்திருக்கிறார் என்பது அவருக்கு நினைவிருந்தது.

மதியம் சாப்பாட்டுக்காக நீதிமன்றம் கலைந்தது. மண்டபப் படிக்கட்டின் கீழே மிங்கோ அவருக்காகக் காத்திருந்தார்.

"ஐயா, வழக்கை விட்டுடலாம்னு இருக்கேன்."

"ஏன்?"

"காலையில நீங்க சொன்னதைக் கேட்டேன். அப்போதான் புரிஞ்சுது. எரியப் போற வீட்டுக்குப் போய் ஊர்மேல கேஸ் போட்டுட்டேனே. உள்ள மூட்டை கட்டிட்டிருந்தேனா, காத்து கீத்து எதையும் நான் பாக்கல. வீட்டுல ஒரு கரி கூட இல்லையேன்னு யாரோ சொன்னாங்க, அதைக் கேட்டுப் புத்தி கெட்டுப்போச்சு." மிங்கோ தலையைக் குனிந்துகொண்டார். "நீங்க இருக்க இடம் குடுத்தீங்க, நான் உங்களைக் கூண்டுல ஏத்திட்டேன். எனக்கு வெக்கமா இருக்குங்கய்யா."

அந்த வார்த்தை கேரட்டை அறைந்துவிட்டது. தனக்கு வர வேண்டிய வெட்கத்தை இந்த மனிதர் தூக்கிச் சுமந்துகொண்டு எதிரே நிற்கிறார். கேரட்டுக்கு எங்காவது ஓடி ஒளிந்துகொள்ளலாம் போல இருந்தது. "விடாதே," என்று மட்டும் சொன்னார். "கொஞ்சம் பொறு. விட்டுடாதே." மதியச் சாப்பாட்டுக்கு அவர் வீட்டுக்குப் போகவில்லை. ஆற்றங்கரையில் நடந்துவிட்டு வந்தார்.

நீதிமன்றம் மறுபடி கூடியதும் கேரட் எழுந்தார். "நான் மறுபடி சாட்சி சொல்ல வேண்டும்," என்றார். கோனைன் புருவத்தைத் தூக்கினார், ஆனால் மேயர் கேட்டால் மறுப்பதா? மறுபடி பைபிள், மறுபடி சத்தியம்.

"காலையில் நான் சொன்னது உண்மை. ஆனால் பாதி உண்மை," என்றார் கேரட். "கொக்கி மாட்டுவதற்கு முன்பே காற்று திரும்பிவிட்டது. கோபுரச் சேவல் வடமேற்கைப் பார்த்து நின்றது. நான் பார்த்தேன். தீ மிங்கோ வீட்டுக்கு வராது என்று எனக்குத் தெரிந்தது. கோலை உயர்த்தி நிறுத்தியிருக்கலாம். என் கூரையை நினைத்துக்கொண்டு சும்மா நின்றுவிட்டேன். அந்த வீடு எரிந்திருக்காது. அதை நான்தான் வீணாக இடித்தேன்."

கேரட் கண்ணை மூடிக்கொண்டார். இப்போது வசவு விழும், கல் விழுந்தாலும் சரி என்று காத்திருந்தார். அவருக்குக் கேட்டது ஒரு சிரிப்பு. அன்பான, கனிந்த சிரிப்பு. டெக்கர்தான்.

"பாத்தீங்களாய்யா நம்ம கேரட்டை! இந்த மனசு யாருக்கு வரும்?"

நகரத்தின் வக்கீல் புன்னகையோடு எழுந்தார். "மேயரய்யா, மதியம் படிக்கட்டுக்குக் கீழே வாதியோடு பேசிக்கொண்டிருந்தீர்களா?"

"பேசினேன், ஆனால்..."

"வாதியின் குடும்பம் உங்கள் கொல்லையில்தானே இருக்கிறது? உங்கள் அடுப்பு, உங்கள் கம்பளி?"

"அதற்கும் இதற்கும்..."

"காற்று திரும்பியதை வேறு யாராவது பார்த்தார்களா?"

கேரட் கூட்டத்தைப் பார்த்தார். பின்வரிசையில் மரிட்யே உட்கார்ந்திருந்தாள். அவள் முகம் வெளுத்திருந்தது. கை மெல்ல முன்னிருக்கையைப் பிடித்தது, எழுந்திருக்கப்போகிறவள் மாதிரி. அதற்குள் ஜூரித் தலைவர், ஒரு செருப்புக் கடைக்காரர், கோனைனைப் பார்த்துச் சொல்லிவிட்டார்: "எதுக்குங்க இன்னும் விசாரணை? நாங்க முப்பது பேர் அங்க சங்கிலி பிடிச்சிருந்தோம். காத்து திரும்பியிருந்தா எங்களுக்குத் தெரியாதா? வீணா ஒருத்தன் வீட்டை இழுத்துப் போடுற ஆளுங்களா நாங்க?"

அங்கேதான் இருந்தது விஷயம். கேரட் சொன்னதை நம்பினால் அந்த வீட்டை வீணாக இடித்த கைகள் அவர்களுடையவை. மேயருக்கு இருந்த வெட்கத்தில் ஆளுக்கொரு பங்கு வாங்கிக்கொள்ள அந்தப் பன்னிரண்டு பேரில் ஒருவரும் தயாராக இல்லை. அவர்கள் இருக்கையை விட்டுக்கூட எழவில்லை. தலைகளைச் சேர்த்து இரண்டு வார்த்தை பேசிவிட்டுத் தீர்ப்பைச் சொன்னார்கள். எரியப் போகிற வீடு, ஈடு கிடையாது.

"மேயர் ரெண்டு தடவை சத்தியம் பண்ணினார்," என்றார் ஜூரித் தலைவர். "முதல் தடவை சொன்னதை நாங்க எடுத்துக்கிட்டோம். ரெண்டாவது அவரோட நல்ல மனசு. அதுக்கு அவரை ஊர் கும்பிடணும்." கூட்டம் கைதட்டியது. மரிட்யே எழுந்து, யாரையும் பார்க்காமல் வெளியே போனாள்.

கேரட் வீடு சேர்ந்தபோது வெயில் இன்னும் இருந்தது. கொல்லை வாசலில் மிங்கோ நின்றுகொண்டிருந்தார். வழக்கில் தோற்ற முகமாகவே இல்லை.

"ஐயா." மிங்கோ அவர் கையைப் பிடித்துக்கொண்டார். அதற்கு முன் ஒருநாளும் தானாகப் பிடித்ததில்லை. "போனாப் போகுதுங்கய்யா. வீடு எரியப் போற வீடுதானே, என்ன பண்றது. ஆனா நீங்க பைபிள்மேல கை வச்சு எனக்காகப் பொய் சொன்னீங்களே! என் வாழ்க்கையில எனக்காக யாரும் பொய் சொன்னதில்ல. எனக்கு எதிராத்தான் சொல்லியிருக்காங்க. லிஸ்பெத்கிட்ட சொன்னேன், உக்காந்து அழுதுட்டா."

கேரட் பேசாமல் இருந்திருக்கலாம். ஊரே அவரை நல்லவராக்கிவிட்டது. நஷ்டப்பட்ட மனிதரே நன்றி சொல்கிறார். கேட்க ஆளில்லை. ஆயுசுக்கும் அந்தப் பேரோடு வாழ்ந்துவிட்டுப் போகலாம். ஒரு கணம் அவருக்கு அது ஆசையாகக்கூட இருந்தது, அந்த ஆசையை நினைத்து உடம்பு கூசியது.

"நான் பொய் சொல்லல, மிங்கோ."

"சரிங்கய்யா, சொல்லல," என்று மிங்கோ கண்ணடித்தார். "யார் கேட்டாலும் நான் அப்படியே சொல்றேன்."

"மிங்கோ, என்னைப் பாரு. சேவல் திரும்பிச்சு. நான் பாத்தேன். உன் வீடு எரிஞ்சிருக்காது."

மிங்கோவின் சிரிப்பு உடனே போகவில்லை. கொஞ்ச நேரம் உதட்டில் நின்றது. பிறகு கையை விட்டார்.

"கொக்கி மாட்டுறதுக்கு முன்னாடியா?"

"முன்னாடி."

"அப்போ காலையில ஏன் சொல்லல?"

"வெக்கம்."

"வெக்கம்," என்று மிங்கோ திருப்பிச் சொன்னார், தெரியாத மொழியின் வார்த்தையைச் சொல்கிற மாதிரி. "காலையிலேயே சொல்லியிருந்தா நம்பியிருப்பாங்க."

"ஆமா."

"வீடு வந்திருக்கும்."

"ஆமா."

மிங்கோ வேலிக் கம்பத்தில் சாய்ந்துகொண்டார். "நான் ஊரெல்லாம் சொல்லிட்டிருக்கேன். என் வீட்டை இழுக்கச் சொன்னப்ப மேயருக்குக் கண்ணுல தண்ணி வந்துடுச்சுன்னு. நான் பாத்தேன்னு."

கேரட்டுக்கு அதையாவது வைத்துக்கொள்ளலாமா என்று இருந்தது. "புகை," என்றார். "அது புகையில வந்த தண்ணி, மிங்கோ."

வண்டிக்கொட்டகையிலிருந்து எண்ணெயில் மாவு பொரிகிற வாசனை வந்தது. லிஸ்பெத் ஏதோ பாடிக்கொண்டிருந்தாள்.

"உங்களுக்காகத்தான் சுடுறா," என்றார் மிங்கோ. குரலில் கோபம் இல்லை. கோபம் இருந்திருந்தால் தேவலை என்று கேரட்டுக்குத் தோன்றியது. "போய் நீங்களே சொல்லுங்க. நான் சொன்னா நம்ப மாட்டா. மேயரைப் பத்தியா இப்படிப் பேசுறேன்னு என்னைத்தான் திட்டுவா."

மிங்கோ ஆற்றுப் பக்கம் இறங்கிப் போய்விட்டார். கேரட் கொல்லையைக் கடந்து வண்டிக்கொட்டகைக்கு நடந்தார். கதவு திறந்துதான் இருந்தது. அவரைக் கண்டதும் லிஸ்பெத் பதறி எழுந்து, அழுத கண்ணை இடுப்பில் கட்டிய சமையல் துணியில் துடைத்துக்கொண்டு, இருந்த ஒரே முக்காலியைத் தட்டிப் போட்டாள்.

"வாங்கய்யா, உக்காருங்க. இன்னைக்கு நீங்க பண்ணின காரியத்துக்கு நாங்க எப்படி..."

"லிஸ்பெத், அதைப் பத்தித்தான் வந்தேன்," என்றார் கேரட். அவர் உட்காரவில்லை.